பூண்டு வெண்ணெய்: உருக்கிச் செய்வதா, குழைத்துச் செய்வதா? எத்தனை நாள் தாங்கும்?

தணல்:
200 கிராம் உப்பில்லாத வெண்ணெய், 8 பல் பூண்டு, ஒரு கைப்பிடி கொத்தமல்லித்தழை. வெண்ணெயை உருக்கி, நசுக்கிய பூண்டைப் போட்டு, தழை தூவி, ஆறவைத்து ஃபிரிட்ஜில் வைக்கும் முறையில் மூன்று தொல்லைகள் இருக்கின்றன. இறுகியதும் மேலே மஞ்சள் கட்டியாகவும் அடியில் வெள்ளைத் தண்ணீராகவும் பிரிகிறது, பூண்டெல்லாம் அடியில் போய் உட்கார்ந்துகொள்கிறது. ரொட்டியில் தடவிச் சுட்டால் ஒரு கடி கசக்கிறது, அடுத்த கடியில் பச்சை வாடை அடிக்கிறது. கடைசியாக, எத்தனை நாள் வைக்கலாம் என்று தேடினால் 4 நாள் என்பவரும் உண்டு, ஒரு மாதம் என்பவரும் உண்டு. தெரிந்தவர்கள் அளவோடு சொல்லுங்கள்.

கசண்டு:
முதல் தொல்லைக்குக் காரணம் உருக்கியதுதான். வெண்ணெயில் ஏறக்குறைய 80 சதவீதம் கொழுப்பு, 16 முதல் 18 சதவீதம் தண்ணீர், மிச்சம் பாலின் புரதமும் சர்க்கரையும். அந்தத் தண்ணீர் கண்ணுக்குத் தெரியாத துளிகளாகக் கொழுப்புக்குள் சிதறிக் கிடப்பதால்தான் வெண்ணெய் குழைவாக இருக்கிறது. 35 டிகிரியைத் தாண்டி முழுக்க உருகினால் இந்தக் கட்டு அவிழ்ந்துவிடும். கொழுப்பு மேலே, தண்ணீரும் கசண்டும் (அடியில் படியும் பால் புரதம்) கீழே. திரும்பக் குளிரவைத்தால் இறுகுமே தவிர, பழைய குழைவு வராது. நாக்கில் மணல்மணலாகத் தெரியும்.

ஆகவே தடவுவதற்கான பூண்டு வெண்ணெய் என்றால் உருக்கக் கூடாது, இளக்க வேண்டும். சரியான பதம் 18 முதல் 20 டிகிரி. விரலால் அழுத்தினால் பள்ளம் விழ வேண்டும். ஆனால் மேற்பரப்பில் எண்ணெய்ப் பளபளப்பு இருக்கக் கூடாது. பளபளத்தால் பாதி உருக ஆரம்பித்துவிட்டது என்று பொருள், பத்து நிமிடம் ஃபிரிட்ஜில் வைத்து எடுங்கள். அவசரமென்றால் கட்டியைத் துருவியில் துருவித் தட்டில் பரப்புங்கள், சீக்கிரம் பதத்துக்கு வந்துவிடும். மைக்ரோவேவ் வேண்டாம். வெளியே கட்டியாகத் தெரியும்போதே நடுவில் குளம் கட்டிவிடும்.

குழவிக்கல்:
கசப்பும் பச்சை வாடையும் சேர்ந்தே வருவது பூண்டை ஒரே சீராகப் பக்குவப்படுத்தாததால். பூண்டின் காரம் பல்லுக்குள் தயாராக இருப்பதில்லை. வெட்டும்போதோ நசுக்கும்போதோ செல்கள் உடைந்து, அல்லினேஸ் என்ற நொதியும் அல்லியின் என்ற பொருளும் கலக்கின்றன. அப்போதுதான் அல்லிசின் உண்டாகிறது. மூக்கில் ஏறும் காரம் அதுதான். இதிலிருந்து சமையலுக்கு ஆகும் விஷயங்கள்:

எவ்வளவு நுணுக்குகிறோமோ அவ்வளவு காரம். ஒரே பல்லை வில்லைகளாக அரிந்தால் சாது, சன்னத் துருவியில் இழைத்தால் முரடு.

நொதி சூட்டில் செத்துவிடும். முழுப் பல்லை வேகவைத்து அப்புறம் மசித்தால் காரமே வராது, இனிப்புதான் வரும். நசுக்கி 5 முதல் 10 நிமிடம் வைத்துவிட்டு வதக்கினால் மணம் ஏற்கெனவே உண்டாகியிருக்கும், அதில் ஒரு பங்கு வெண்ணெயில் தங்கும்.

புளிப்பும் நொதியை அடக்கும். நசுக்கின கையோடு எலுமிச்சைச் சாறு ஊற்றினால் காரம் குறையும். காரம் வேண்டியவர்கள் பத்து நிமிடம் கழித்து ஊற்ற வேண்டும், வேண்டாதவர்கள் உடனே ஊற்றலாம். குறிப்புகளில் "சாறு சேர்க்கவும்" என்று மொட்டையாகப் போட்டிருப்பார்கள், எப்போது என்று யாரும் சொல்வதில்லை.

பல்லுக்குள் பச்சைக் குருத்து வந்திருந்தால் இரண்டாகப் பிளந்து எடுத்துவிடுங்கள். வதக்குகிற பூண்டில் அது பெரிதாகத் தெரியாது. பச்சையாகச் சேர்க்கும்போது தெரியும்.

தணல், உங்கள் 8 பல் என்பது தோலுரித்தபின் கிட்டத்தட்ட 32 கிராம். 200 கிராம் வெண்ணெய்க்கு அது 16 சதவீதம். வதக்கிய பூண்டுக்கு நல்ல அளவு, பச்சைப் பூண்டுக்கு இரட்டிப்பு. பச்சையாகச் சேர்ப்பதென்றால் 100 கிராமுக்கு 2 பல் போதும்.

கரண்டிக்காம்பு:
பல் கணக்கே வேண்டாம். ஒரு பூண்டில் பல் 2 கிராம், இன்னொன்றில் 8 கிராம். 100 கிராம் வெண்ணெய்க்கு எடை இப்படி: பச்சை என்றால் 8 கிராம், வதக்கியது 15 முதல் 18 கிராம், முழுசாகச் சுட்டு மசித்தது 30 முதல் 40 கிராம். உப்பு 100 கிராமுக்கு 1.25 முதல் 1.5 கிராம், தூள் உப்பில் கால் தேக்கரண்டி. உப்பு போட்ட வெண்ணெயில் ஏற்கெனவே அந்த அளவு இருக்கும், மேற்கொண்டு போட வேண்டாம்.

கசண்டு:
எடை சரி. இப்போது முறை. உருக்குவதன் மணமும் குழைப்பதன் பதமும் இரண்டும் வேண்டும் என்றால், வெண்ணெயைப் பிரித்துக்கொள்வதுதான் வழி.

200 கிராமில் 60 கிராமைத் தனியே எடுங்கள். மீதி 140 கிராம் வெளியே இளகட்டும். 32 கிராம் பூண்டைப் பொடியாக, ஒரே அளவாக நறுக்கி 10 நிமிடம் வையுங்கள். சின்ன, அடிகனமான பாத்திரத்தில் 60 கிராமை மிகச் சிறிய தீயில் உருக்கிப் பூண்டைப் போடுங்கள்.

இனிக் கண்ணைவிடக் காதுதான் உதவும். சடசடப்பு கேட்கிற வரை உள்ளே தண்ணீர் இருக்கிறது. தண்ணீர் இருக்கிற வரை சூடு 100 டிகிரிக்குப் பக்கத்திலேயே நிற்கும், பூண்டு வேகுமே தவிரக் கருகாது. சத்தம் தேய்ந்து நுரை அடங்கத் தொடங்கியதும் சூடு சட்டென்று ஏறும், ஒரு நிமிடத்துக்குள் பூண்டு பொன்னிறத்தைத் தாண்டிப் பழுப்பாகிவிடும். பூண்டில் சர்க்கரைச் சத்து அதிகம், அதனால் பழுப்புக்கும் கசப்புக்கும் நடுவே இடைவெளியே இல்லை. 4 முதல் 6 நிமிடத்தில், பூண்டு மெத்தென்று ஆகி வைக்கோல் நிறம் வரும்போதே இறக்கி, உடனே குளிர்ந்த கிண்ணத்தில் ஊற்றிவிட வேண்டும். பாத்திரத்திலேயே விட்டால் அதன் சூட்டில் மேலும் வேகும். பூண்டு வேகும் முன்பே சத்தம் அடங்கினால் ஒரு மேசைக்கரண்டி தண்ணீர் விடுங்கள், அவகாசம் கிடைக்கும்.

உருகியது வெதுவெதுப்பும் போய், லேசாகக் கெட்டிப்பட்டு மங்கலாகும் வரை அவ்வப்போது கிளறுங்கள். சூடாக ஊற்றினால் அந்த 140 கிராமும் உருகும், மறுபடி முதல் கதைதான். பிறகு இளகிய வெண்ணெயில் மூன்று தவணையாகச் சேர்த்து, மரக்கரண்டியால் அடித்துக் கலக்கவும். 3 கிராம் உப்பு, நறுக்கிய தழை 3 மேசைக்கரண்டி, கடைசியில் எலுமிச்சைச் சாறு 2 தேக்கரண்டி.

ஈரத்துணி:
தழை விஷயத்தில் ஒரு சேர்க்கை. கழுவி, துணியில் உருட்டி, ஈரமே இல்லாமல் காய்ந்தபின் நறுக்கணும். ஈரத்தோடு போட்டா வெண்ணெய் மேல முத்து முத்தா தண்ணி துளிர்க்கும். சாறும் அப்படித்தான், ஒரே ஊத்தா ஊத்தினா ஏற்காது. அரை அரைத் தேக்கரண்டியா விட்டு அடிக்கணும். பிரிஞ்சுபோச்சுன்னா தூக்கிப் போட வேண்டாம். அஞ்சு நிமிஷம் குளிர வச்சு மறுபடி அடிச்சா பெரும்பாலும் சேர்ந்துடும், சேராத தண்ணியை வடிச்சுடலாம். சூடான வெண்ணெயில் தழையைப் போடவே கூடாது, நிறம் செத்துக் கறுத்துடும்.

பொன்முறுவல்:
பூண்டை நசுக்க கார்லிக் பிரஸ் போதுமா, இல்லை உரலா?

குழவிக்கல்:
பச்சையாகச் சேர்ப்பதற்கு உரல், அல்லது பலகையில் உப்போடு கத்தியின் பட்டைப் பக்கத்தால் இழுத்துத் தேய்ப்பது. கல்லுப்பு அரம் போல வேலை செய்யும், விழுது மைபோல் வரும், வெண்ணெயில் கரைந்ததுபோல் சேர்ந்துவிடும். பிரஸ்ஸில் வருவது பாதி சாறு, பாதி நார். வதக்கும்போது சாறு முதலில் அடிப்பிடிக்கும், நார் வேகாமல் நிற்கும். வதக்குவதற்குக் கத்தியால் நறுக்கியதே மேல்.

கரண்டிக்காம்பு:
பிரஸ்ஸை அவ்வளவு ஒதுக்க வேண்டியதில்லை. அன்றைக்கே ரொட்டிக்குத் தீர்ந்துவிடும் 50 கிராம் வெண்ணெய்க்கு உரலை இறக்குவது வீண் வேலை. பிரஸ்ஸில் பிழிந்ததை உடனே வெண்ணெயில் விட்டுக் கலக்கினால் சரி. வதக்கும் விஷயத்தில் மட்டும் குழவிக்கல் சொல்வது நியாயம்.

மத்து:
கடை வெண்ணெய் இல்லாமல் க்ரீமில் இருந்து கடைந்து எடுப்பவர்களுக்கு: கொழுப்பு 35 சதவீதத்துக்குக் குறையாத க்ரீம் எடுங்கள். ஃபிரிட்ஜில் இருந்து எடுத்து, 10 முதல் 13 டிகிரிக்கு வந்ததும் கடைந்தால் சீக்கிரம் திரளும். ரொம்பக் குளிர்ந்திருந்தால் திரள நேரமாகும், சூடாக இருந்தால் வெண்ணெய் மோரோடு குழம்பி நழுவும். மோரை வடித்து, குளிர்ந்த தண்ணீர் விட்டுப் பிசைந்து கொட்டுங்கள். வடிகிற தண்ணீர் தெளியும் வரை திரும்பத் திரும்பச் செய்ய வேண்டும். உள்ளே மோர் நின்றால் இரண்டே நாளில் புளித்துவிடும், பூண்டு வாசனையில் அந்தப் புளிப்பு முதலில் தெரியவும் தெரியாது. கடைசியாகத் தட்டில் சாய்த்துக் கரண்டியால் அழுத்தித் தண்ணீரைப் பிதுக்குங்கள். வீட்டு வெண்ணெயில் எவ்வளவு பிசைந்தாலும் கடை வெண்ணெயைவிட ஈரம் சற்றுக் கூடுதல்தான், ஆகவே எலுமிச்சைச் சாற்றைப் பாதியாகக் குறைத்துக்கொள்ளலாம். பூண்டும் உப்பும் பிசைந்து முடித்த பிறகே சேர வேண்டும். க்ரீமிலேயே பூண்டைப் போட்டுக் கடைந்தால் பாதி மணம் மோரோடு போய்விடும்.

சீசாமூடி:
வைத்திருக்கும் நாள் பற்றி யாரும் பேசவில்லையே. உப்பும் எலுமிச்சையும் சேர்ந்திருக்கும்போது கெடாது. கண்ணாடிச் சீசாவில் இறுக்கி மூடி மேடையிலேயே 2 வாரம் வைக்கலாம். வெறும் வெண்ணெயை வெளியே வைக்கிறோமே, அதுபோலத்தான்.

கசண்டு:
சீசாமூடி, தயவுசெய்து இதை யாரும் பின்பற்ற வேண்டாம். வெறும் உப்பு வெண்ணெய் வேறு, பூண்டு போட்டது வேறு.

பூண்டு மண்ணுக்கடியில் விளைவது. கிளாஸ்டிரிடியம் பாட்டுலினம் என்ற பாக்டீரியாவின் வித்துகள் மண்ணில் சாதாரணமாக உண்டு, பூண்டோடு வரும். காற்று படும் இடத்தில் அவை வளராது. கொழுப்புக்குள் புதைந்த பூண்டுத் துண்டைச் சுற்றிக் காற்று இல்லை, பூண்டுக்குள் ஈரம் இருக்கிறது, புளிப்பு குறைவு, மேடையில் கதகதப்பும் கிடைக்கிறது. அதற்கு வேண்டிய நான்கும் அங்கேயே இருக்கின்றன. அது சுரக்கும் நஞ்சு நரம்பைத் தாக்கும்: பார்வை இரண்டாகத் தெரிவது, இமை தொங்குவது, விழுங்க முடியாமல் போவது, மூச்சுத் திணறல். கெட்ட வாடையோ சுவை மாற்றமோ இருக்காது, முகர்ந்து பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது.

1985இல் கனடாவின் வான்கூவரில் ஒரு உணவகத்தில் சாப்பிட்ட 36 பேர் இப்படிப் பாதிக்கப்பட்டார்கள். சோயா எண்ணெயில் போட்ட நறுக்கிய பூண்டைக் குளிர்பதனத்தில் வைக்காமல் வைத்திருந்து, அதில் செய்த பூண்டு வெண்ணெயை ரொட்டியில் தடவியதுதான் காரணம். 1989இல் அமெரிக்காவிலும் எண்ணெயில் போட்ட பூண்டால் நோய் வந்த பிறகு, விற்பனைக்கு வருகிற அப்படிப்பட்ட கலவைகளில் அமிலம் சேர்த்தே ஆக வேண்டும் என்று அந்நாட்டு உணவு மருந்து நிர்வாகம் கட்டாயமாக்கியது.

எலுமிச்சை காப்பாற்றாதா என்றால், வீட்டு அளவில் நம்ப முடியாது. பூண்டின் உள்ளே pH (புளிப்பின் அளவுகோல், எண் குறையக் குறையப் புளிப்பு கூடும்) 4.6க்குக் கீழே இறங்கியாக வேண்டும். வெண்ணெயில் விட்ட இரண்டு தேக்கரண்டிச் சாறு துளித்துளியாகக் கொழுப்புக்குள் அடைபட்டு நிற்கிறது, துண்டுக்குள் இறங்கியதா என்று அளக்க வழியில்லை. உப்பும் அப்படியே. தடுக்க வேண்டுமானால் ஈரத்தில் 10 சதவீத அளவு வேண்டும், அவ்வளவு உப்பை யாரும் தின்ன முடியாது.

வதக்கினால் சரியாகிவிடும் என்பதும் தவறு. வித்துகள் 100 டிகிரியில் சாகாது. பிரஷர் கேனரில் (புட்டியில் அடைத்த உணவை அழுத்த நீராவியில் சூடாக்கும் பாத்திரம்) வரும் 121 டிகிரி வேண்டும். சுட்ட பூண்டுக்கும் இதே கதைதான்.

தணல்:
அப்படியானால் ஃபிரிட்ஜில் எத்தனை நாள்?

கசண்டு:
4 டிகிரிக்கு மேல் போகாத ஃபிரிட்ஜில் 4 நாள். கதவுத் தட்டில் வைக்காதீர்கள், திறந்து மூடுவதால் அங்கே சூடு ஏறி இறங்கும். செய்த உடனே உள்ளே போக வேண்டும், மேசையில் எடுத்து வைத்தால் 2 மணி நேரத்துக்குள் திரும்ப உள்ளே. மிஞ்சியது ஃப்ரீசரில். உறைந்த நிலையில் அந்த பாக்டீரியா வளராது. 3 மாதம் வரை சுவையும் தாங்கும்.

சீசாமூடி:
வித்து பற்றியது தெரியாத செய்தி. வெளியே வைக்கச் சொன்னதை வாபஸ் வாங்கிக்கொள்கிறேன். ஆனால் 4 நாளில் 200 கிராம் எப்படித் தீரும்?

ஈரத்துணி:
தீர வேண்டாம், பிரிச்சு வைங்க. பட்டர் பேப்பர்ல 3 செ.மீ. பருமனுக்கு உருளையா உருட்டி, ரெண்டு முனையையும் மிட்டாய் மாதிரி முறுக்கி ஃபிரிட்ஜில் இறுக விடுங்க. இறுகினதும் 1 செ.மீ. வில்லையா வெட்டினா ஒண்ணு 7 கிராம் வாக்கில் வரும். தட்டுல தனித்தனியா உறைய வச்சு, அப்புறம் ஒரே டப்பாவுல போட்டா ஒட்டாது. டப்பா காத்துப் புகாததா இருக்கணும், உள்ள இன்னொரு உறையும் வேணும். வெண்ணெய் சுத்தி இருக்கற வாடையெல்லாம் இழுக்கும், பூண்டு தன் வாடையைப் பக்கத்துல இருக்கற ஐஸ்கிரீமுக்குக் குடுத்துடும். ஐஸ் ட்ரேயில ஊத்தினா அந்த ட்ரே அதோட பூண்டு ட்ரேதான், ஞாபகம் இருக்கட்டும். உறையில தேதி எழுதுங்க.

உறைஞ்ச வில்லையை இளக்க வேண்டியதில்ல, சூடான சாமான் மேல அப்படியே வைக்கலாம். தடவணும்னா முந்தின ராத்திரி ஃபிரிட்ஜுக்கு மாத்துங்க, மேடையில் வச்சு இளக்காதீங்க.

பொன்முறுவல்:
ரொட்டிக்கு வருவோம். தணல் கேட்ட "ஒரு கடி கசப்பு, ஒரு கடி பச்சை" என்பது ரொட்டியை வெட்டும் விதத்தோடும் சேர்ந்தது. நீள ரொட்டியைக் குறுக்கே பாதி ஆழம் கீறி, கீறலுக்குள் தடவினால் உள்ளே நடப்பது ஆவியில் வேகுதல். ஈரமுள்ள ரொட்டியின் உட்புறம் 100 டிகிரியைத் தாண்டாது, பத்து நிமிடத்தில் பச்சைப் பூண்டின் வாடை போகாது. அதே வெண்ணெயைத் திறந்த முகத்தில் தடவி மேல்சூட்டில் வைத்தால், வெளியே துருத்தி நிற்கும் பூண்டுத் துணுக்கு ரொட்டி சிவக்கும் முன்பே கருகிவிடும்.

எனவே கீறும் வகைக்கு வதக்கிய பூண்டு, திறந்த முகத்துக்கு மைய அரைத்த விழுது அல்லது சுட்ட பூண்டு. 250 கிராம் ரொட்டிக்கு 80 முதல் 100 கிராம் வெண்ணெய். ஓவன் 200 டிகிரி. கீறிய ரொட்டியை ஃபாயிலில் சுற்றி 10 முதல் 12 நிமிடம், பிரித்து மேலும் 3 முதல் 5 நிமிடம். வெண்ணெய் ஃபிரிட்ஜில் இருந்து வந்த கட்டியாக இருந்தால் ரொட்டி பிய்யும், உருகியதாக இருந்தால் அடிப்பக்கம் மட்டும் ஊறிச் சொதசொதக்கும்.

தோசைக்கல்லிலோ தவாவிலோ செய்பவர்கள் வெண்ணெய் தடவாத பக்கத்தை முதலில் சூடாக்குங்கள். திருப்பும் முன் தடவி, சிறு தீயில் ஒரு நிமிடம். தடவிய பக்கத்தையே முதலில் போட்டால் கசண்டும் பூண்டும் கல்லில் ஒட்டிக் கருகும், அடுத்த துண்டுக்கும் அந்தக் கசப்பு ஏறும்.

குழவிக்கல்:
சுட்ட பூண்டுக்கு முறை: முழுப் பூண்டின் தலையை அரை அங்குலம் சீவி, எண்ணெய் தடவி, ஃபாயிலில் பொதிந்து 200 டிகிரியில் 40 நிமிடம். அழுத்தினால் பல் பிதுங்கி வர வேண்டும். நன்றாக ஆறியபின் மசித்துச் சேர்க்கவும். காரம் சுத்தமாகப் போய்விடுவதால் சிலருக்குச் சப்பென்று இருக்கும், அப்போது 100 கிராமுக்கு அரைப் பல் பச்சைப் பூண்டு விழுது சேர்த்தால் எழுந்து நிற்கும். என் கணக்கில் இருப்பதிலேயே நல்ல சுவை இந்தக் கலவைதான், ஆனால் ஒரு பூண்டுக்காக 40 நிமிடம் ஓவன் எரிப்பது அநியாயம். வேறெதையாவது சுடும்போது ஓரத்தில் வைத்துவிடுங்கள்.

கரண்டிக்காம்பு:
வாணலியில் பயன்படுத்துவோருக்கு ஒன்று. இறால், மீன், இறைச்சி எதுவானாலும் பூண்டு வெண்ணெயில் வறுக்கத் தொடங்காதீர்கள். வாணலி 200 டிகிரியைத் தொடும், கசண்டும் பூண்டும் அந்தச் சூட்டைத் தாங்காது. எண்ணெயில் வறுத்து, அடுப்பை அணைத்த பிறகு வெண்ணெய். 250 கிராம் இறாலுக்கு 30 கிராம், ஃபிரிட்ஜில் இருந்து எடுத்த குளிர்ந்த துண்டுகளாக, கூடவே ஒரு மேசைக்கரண்டி தண்ணீர். வாணலியைச் சுழற்றிக்கொண்டே இருந்தால் பளபளவென்று கூழ்ப்பதமாகச் சேரும். கொதித்தால் எண்ணெய் பிரியும். பிரிந்தால் தீயிலிருந்து எடுத்து, ஒரு கரண்டி தண்ணீர் விட்டுச் சுழற்றுங்கள், கூடிவிடும். நூடுல்ஸுக்கு அது வெந்த தண்ணீரே நல்லது, மாவுச்சத்து இருப்பதால் எளிதில் பிரியாது. காளானுக்கு முதலில் அதன் தண்ணீர் வற்ற வேண்டும்.

தணல்:
எல்லாருக்கும் நன்றி. இரண்டு கேள்வி மிச்சம். எலுமிச்சை விட்ட பூண்டு விழுது சில சமயம் பச்சையும் நீலமுமாக மாறுகிறதே, கொட்டிவிட வேண்டுமா? பாப்கார்னுக்கு இந்த வெண்ணெய் ஆகுமா, சுருங்கி ஈரமாகிறது.

குழவிக்கல்:
நிறம் மாறுவது பூண்டின் கந்தகப் பொருள்கள் புளிப்பில் அமினோ அமிலங்களோடு சேர்வதால். குளிரில் நாள்பட வைத்த பூண்டில் அதிகம் வரும். தீங்கில்லை, பார்க்கத்தான் நன்றாக இருக்காது. புதுப் பூண்டு எடுத்தால் அல்லது வதக்கிய பிறகு சாறு விட்டால் பெரும்பாலும் வராது. பஞ்சு மாதிரிப் பூஞ்சை படர்ந்திருந்தால் அது வேறு, கொட்டிவிடுங்கள்.

கசண்டு:
பாப்கார்ன் சுருங்குவது வெண்ணெயில் உள்ள அந்த 16 சதவீதத் தண்ணீரால். அதற்கு நெய்தான் சரி. 50 கிராம் நெய்யில் தட்டிய பூண்டு 3 பல் போட்டு, மிகச் சிறிய தீயில் 5 நிமிடம், பூண்டை வடித்து எடுத்துவிட்டுச் சுடச்சுட மேலே ஊற்றிக் கலக்குங்கள். நெய்யில் தண்ணீர் இல்லாததால் சடசடப்பு பூண்டிலிருந்து மட்டுமே வரும், சீக்கிரம் அடங்கும். அதனால் பக்கத்திலேயே நிற்க வேண்டும். உப்பை மையப் பொடித்துத் தூவினால்தான் ஒட்டும். மிஞ்சினால் அந்த நெய்யையும் ஃபிரிட்ஜில்தான் வைக்க வேண்டும், அதே 4 நாள்.